விடுப்பு முடிய இன்னும் ஆறு வாரங்கள்: வேலைக்குத் திரும்புவதா, விட்டுவிடுவதா?

கேள்வி: கோவைத் தாய்

அனைவருக்கும் வணக்கம். கோவையில் மோட்டார் பம்பு தயாரிக்கும் ஒரு நிறுவனத்தின் கணக்குப் பிரிவில் ஏழு ஆண்டுகளாக வேலை பார்க்கிறேன். அலுவலகமும் தொழிற்கூடமும் சேர்த்து எண்பது பேர் வரை இருக்கிறோம். அவர்களில் பெண்கள் பதினொரு பேர்தான். மூன்று மாதங்களுக்கு முன்பு எனக்குச் சிசேரியன் மூலம் பெண் குழந்தை பிறந்தாள். எங்கள் அலுவலகத்தில் 26 வார மகப்பேறு விடுப்பைச் சம்பளத்துடன் கொடுத்தார்கள். வளைகாப்பு முடிந்து பொள்ளாச்சியில் உள்ள தாய்வீட்டுக்குப் போனபோது பேறு நாளுக்கு ஏழு வாரங்கள் இருந்தன; அன்றிலிருந்தே விடுப்புக் கணக்கு தொடங்கிவிட்டது. அதனால் குழந்தைக்கு நான்கு மாதம் முடிந்த சில நாட்களிலேயே நான் வேலைக்குப் போயாக வேண்டும்.

சென்ற வாரம் என் மேலாளர் தொலைபேசியில் அழைத்து, திரும்பி வரும் எண்ணம் இருக்கிறதா என்று கேட்டார். இருக்கிறது என்றேன். என் இடத்தில் வேறொருவரை நியமித்துவிட்டதாகவும், வந்தால் நகருக்கு வெளியே இருக்கும் இன்னொரு தொழிற்கூடத்தில் ஸ்டோர்ஸ் பிரிவில்தான் இடம் கொடுக்க முடியும் என்றும், அந்தப் பொறுப்புக்கு என் இப்போதைய 32,000 ரூபாய்ச் சம்பளத்தில் 4,000 ரூபாய் குறையும் என்றும் சொன்னார். “குழந்தையோடு சிரமமாக இருந்தால் ஒரு ராஜினாமாக் கடிதம் அனுப்பிவிடுங்கள், கணக்கை உடனே முடித்துத் தருகிறோம்” என்று அக்கறையான குரலில்தான் கூறினார். அந்த அக்கறைதான் என்னை மிகவும் குழப்புகிறது.

வீட்டில் மாமியார் இருக்கிறார். அவருக்கு மூட்டுவலி, நாள் முழுவதும் குழந்தையைத் தூக்கிவைத்திருக்க முடியாது. என் அம்மா பொள்ளாச்சியில் அப்பாவைக் கவனித்துக்கொள்கிறார். கணவர் நூற்பாலையில் ஷிப்ட் முறையில் வேலை செய்கிறார். குழந்தை இதுவரை தாய்ப்பால் மட்டுமே குடிக்கிறாள். பாட்டிலை வாயில் வைத்தாலே அழுகிறாள். ஓரிரு ஆண்டுகள் வேலையை விட்டுவிட்டுப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று உறவினர்கள் எல்லோரும் சொல்கிறார்கள். எனக்கு என் வேலை பிடிக்கும். வீட்டுக் கடனின் தவணையில் பாதி என் சம்பளத்திலிருந்துதான் போகிறது. நிறுவனம் இப்படிச் செய்யலாமா? எங்கள் அலுவலகத்தில் குழந்தைகள் காப்பகம் இல்லை. அது இருந்தாக வேண்டும் என்று சொல்கிறார்களே, உண்மையா? நான்கு மாதக் குழந்தைக்குப் பகலில் பால் எப்படிக் கொடுப்பது? இந்த வழியில் போய்வந்தவர்கள் தயவுசெய்து சொல்லுங்கள்.


மறுமொழி: சென்னை, மனிதவளப் பிரிவில் 18 ஆண்டுகள்

சகோதரி, முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன்: தொலைபேசியில் கேட்ட எந்தப் பேச்சுக்கும் தொலைபேசியிலேயே பதில் சொல்லாதீர்கள், ராஜினாமா என்ற சொல்லை எழுத்திலோ, வாட்ஸாப்பிலோ, பேச்சுவாக்கிலோகூட உங்கள் பக்கத்திலிருந்து வரவிடாதீர்கள். என் அனுபவத்தில் பேறுகாலத்துக்குப் பிறகு வேலையை இழந்த பெண்களில் பெரும்பாலோர் நீக்கப்பட்டவர்கள் அல்லர். இப்படிப்பட்ட ஓர் அழைப்புக்குப் பிறகு, தூக்கமில்லாத ஒரு வாரத்தில், தாங்களே கடிதம் கொடுத்தவர்கள். அந்தக் கடிதம் வந்துவிட்டால் பிறகு யாராலும் பெரிதாக எதுவும் செய்ய முடியாது.

இப்போது சட்டம். 1961ஆம் ஆண்டின் மகப்பேறு நலச் சட்டம் 2017இல் திருத்தப்பட்டு, முதல் இரண்டு குழந்தைகளுக்கு 12 வாரமாக இருந்த விடுப்பு 26 வாரமாக உயர்த்தப்பட்டது. அதில் பேறு நாளுக்கு முன்பு அதிகபட்சம் 8 வாரம் எடுக்கலாம். 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்துள்ள சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டத்திலும் இந்த விதிகள் பெரும்பாலும் அப்படியே தொடர்கின்றன. எனவே உங்கள் அலுவலகத்தில் யாராவது “பழைய சட்டம் போய்விட்டது” என்று சொன்னால் அதைக் கேட்டுக் கலங்க வேண்டாம். பேறுகால விடுப்பில் இருக்கும் பெண்ணை அந்தக் காலத்தில் வேலையிலிருந்து நீக்குவதும், விடுப்புக்குள் முடியும்படி நீக்க அறிவிப்பு கொடுப்பதும், அவளுடைய பணி நிபந்தனைகளை அவளுக்குப் பாதகமாக மாற்றுவதும் சட்டவிரோதம். நீங்கள் சொல்லும் 4,000 ரூபாய்க் குறைப்பு இந்த மூன்றாவது வகையில் நேரடியாக விழுகிறது. இடமாற்றத்தைப் பற்றி அவ்வளவு உறுதியாக நான் பேசமாட்டேன். உங்கள் நியமனக் கடிதத்தில் நிறுவனத்தின் எந்தக் கிளைக்கும் மாற்றலாம் என்ற வரி இருந்தால் அவர்கள் அதைக் காட்டுவார்கள். அப்போதும், ஏழு ஆண்டுகளாகச் செய்யாத மாற்றத்தை விடுப்பின்போது செய்ய வேண்டிய காரணம் என்ன என்று கேட்கும் உரிமை உங்களுக்கு இருக்கிறது. நியமனக் கடிதத்தை இன்றே தேடி எடுத்து, அந்த வரி இருக்கிறதா என்று பாருங்கள்.

பிறகு மனிதவளப் பிரிவுக்கு ஒரு மின்னஞ்சல் அனுப்புங்கள். மேலாளருக்கு அதன் நகல் போகட்டும். கோபமோ குற்றச்சாட்டோ அதில் வேண்டாம். “என் மகப்பேறு விடுப்பு இன்ன தேதியில் முடிகிறது. மறுநாள் கணக்குப் பிரிவில் என் பொறுப்பில், இப்போதைய சம்பளத்தில் பணிக்குத் திரும்புகிறேன். இன்ன தேதியில் தொலைபேசியில் என்னிடம் கூறப்பட்ட பணிமாற்றமும் சம்பளக் குறைப்பும் நிறுவனத்தின் முடிவா என்பதை எழுத்தில் தெரிவிக்கக் கேட்டுக்கொள்கிறேன்.” இவ்வளவு போதும். மேலாளர் வாயால் சொன்னதை மனிதவளப் பிரிவு எழுத்தில் சொல்லத் தயங்கும். பல இடங்களில் விஷயம் அங்கேயே முடிந்துவிடுவதை நான் பார்த்திருக்கிறேன், சில இடங்களில் முடித்தும் வைத்திருக்கிறேன். முடியாவிட்டால் தொழிலாளர் துறை ஆய்வாளரிடம் எழுத்தில் முறையிடலாம். தொழிற்சாலையாகப் பதிவான இடங்களைத் தமிழ்நாட்டில் தொழிலகப் பாதுகாப்பு மற்றும் சுகாதார இயக்ககம் கவனிக்கிறது.

காப்பகத்தைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். ஐம்பது அல்லது அதற்கு மேற்பட்ட ஊழியர்கள் இருக்கும் இடத்தில் குழந்தைகள் காப்பக வசதி இருக்க வேண்டும். இந்த விதி 2017 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ளது. இங்கே ஐம்பது என்பது பெண்களின் எண்ணிக்கை அன்று, ஆண்களையும் சேர்த்த மொத்த எண்ணிக்கை. “எங்களிடம் பெண்கள் பதினொரு பேர்தானே” என்ற பதில் வந்தால் அதை ஏற்க வேண்டியதில்லை. தனியாகக் கட்ட முடியாவிட்டால் அக்கம்பக்கத்து நிறுவனங்களோடு சேர்ந்து பொதுவான காப்பகத்தை ஏற்பாடு செய்யவும் இடம் உண்டு. தாய் அங்கே ஒரு நாளில் நான்கு முறை போய்வரலாம். இதைத் தவிர, குழந்தைக்கு 15 மாதம் ஆகும்வரை, வழக்கமான உணவு இடைவேளை போக, பாலூட்டுவதற்கென்றே நாளுக்கு இரண்டு இடைவேளைகள் உங்களுக்கு உண்டு. வீட்டிலிருந்து வேலை செய்வதை மட்டும் உரிமையாக நினைத்துவிடாதீர்கள். வேலையின் தன்மை இடம் கொடுத்தால் இரு தரப்பும் பேசி ஒத்துக்கொள்ளலாம் என்றுதான் சட்டம் சொல்கிறது. கணக்குப் பிரிவு என்பதால் வாரத்தில் இரண்டு நாட்களுக்காவது கேட்டுப் பாருங்கள்.

இன்னும் இரண்டு செய்திகள். பேற்றுக்கு முன்னும் பின்னுமான மருத்துவ வசதியை நிறுவனம் இலவசமாகத் தரவில்லை என்றால் 3,500 ரூபாய் மருத்துவ ஊக்கத்தொகை தர வேண்டும். பலர் இதைக் கேட்பதே இல்லை. பேறு, சிசேரியன், குறைப்பிரசவம் ஆகியவற்றால் உடல்நலக் குறைவு ஏற்பட்டிருந்தால், மருத்துவச் சான்றுடன் மேலும் ஒரு மாதம் வரை சம்பளத்துடன் விடுப்புக்கு வழி உண்டு. உண்மையாகவே அப்படி ஏதேனும் இருந்தால் மட்டும் இதைப் பயன்படுத்துங்கள்.

அரசுப் பணியில் இருக்கும் உறவினர்கள் “ஒரு வருடம் விடுப்பு இருக்கிறதே” என்று சொல்லக்கூடும். அது தமிழ்நாடு அரசு ஊழியர்களுக்கான விதி. 2011இல் 90 நாட்களிலிருந்து ஆறு மாதமாகவும், 2016இல் ஒன்பது மாதமாகவும், 2021 ஜூலை முதல் பன்னிரண்டு மாதமாகவும் அது உயர்ந்தது. தனியார் துறைக்கு அது பொருந்தாது. ஆனால் ஒன்றை நினைவில் வையுங்கள். தமிழ்நாட்டு அரசுப் பள்ளி ஆசிரியை ஒருவரின் வழக்கில் 2025 மே மாதம் தீர்ப்பளித்த உச்ச நீதிமன்றம், மகப்பேறு விடுப்பைப் பெண்ணின் இனப்பெருக்க உரிமையோடு சேர்த்தே பார்த்தது. உங்கள் மேலாளர் உங்களுக்குச் சலுகை எதுவும் செய்யவில்லை. கடிதம் எழுதும்போது அந்த நினைப்போடு எழுதுங்கள்.


மறுமொழி: மதுரை, வங்கி ஊழியர், இரண்டு குழந்தைகளின் தாய்

தோழி, சட்டத்தைச் சென்னைச் சகோதரி தெளிவாகச் சொல்லிவிட்டார். நான் பாலைப் பற்றி மட்டும் எழுதுகிறேன், ஏனென்றால் என் முதல் குழந்தையின்போது அதில்தான் நான் தோற்றேன். இரண்டாவது குழந்தைக்கு அதே தவறுகளைச் செய்யாமல் பத்து மாதம் வரை பகலிலும் தாய்ப்பாலே கொடுக்க முடிந்தது.

முதல் தவறு, வேலைக்குப் போகும் முந்தைய நாள்வரை காத்திருந்தது. உங்களுக்கு ஆறு வாரம் இருக்கிறது. மூன்று வாரத்துக்கு முன்பே தொடங்குங்கள். காலையில் குழந்தை முதல்முறை குடித்து முடித்தபின் மார்பில் பால் மிஞ்சியிருக்கும். அதைக் கையாலோ பம்பாலோ எடுத்துப் பழகுங்கள். முதல் சில நாட்கள் இருபது, முப்பது மி.லி. மட்டும் வரும். பால் குறைந்துவிட்டது என்று அப்போது பயப்பட வேண்டாம். எடுக்க எடுக்க உடம்பு அதற்கேற்பச் சுரக்கும்.

இரண்டாவது தவறு பாட்டில். உங்கள் மகள் பாட்டிலை மறுப்பது நல்லதாகவே போயிற்று என்பேன். நம் வீடுகளில் பாலாடை இருக்கிறதே, அதைவிட நல்ல பாத்திரம் இந்த வயதுக்குக் கிடையாது. சுத்தம் செய்வதும் எளிது, பால் புரையேறாமல் மெதுவாகக் கொடுக்கவும் முடியும். குழந்தையை மடியில் நிமிர்த்தி வைத்து, பாலாடையின் மூக்கைக் கீழுதட்டின் ஓரத்தில் வைத்து, விழுங்கிய பிறகே அடுத்த மடக்கைச் சாய்க்க வேண்டும். இதை நீங்கள் கொடுக்காதீர்கள். உங்கள் வாசனை அருகில் இருக்கும்போது எந்தக் குழந்தையும் பாலாடையை ஏற்காது. மாமியாரோ கணவரோ கொடுக்கட்டும். நீங்கள் அந்த நேரத்தில் அறையில்கூட இருக்க வேண்டாம். நன்றாகப் பசித்து அழும்வரை காத்திருக்காமல், பசி தொடங்கும்போதே முயல வேண்டும்.

எடுத்த பாலை 25 டிகிரி வரையிலான அறை வெப்பத்தில் நான்கு மணி நேரம் வைக்கலாம் என்பது பொதுவான அளவு. நம் ஊர் வெயிலில் அந்தக் கணக்கை நம்ப வேண்டாம். எடுத்தவுடன் குளிர்பெட்டியிலோ ஐஸ் பொதி வைத்த பையிலோ வைத்துவிடுங்கள். குளிர்சாதனப் பெட்டியில் கதவோரம் வைக்காமல் உட்பக்கத்தில் வைத்தால் நான்கு நாள் தாங்கும். உறைநிலையில் ஆறு மாதம் வரை வைக்கலாம், ஆனால் மின்வெட்டு நீளும் பகுதியாக இருந்தால் அதிகமாகச் சேர்த்துவைக்காதீர்கள். ஒவ்வொரு பாத்திரத்திலும் தேதியை எழுதி ஒட்டி, பழையதை முதலில் எடுக்கச் சொல்லுங்கள். அடுப்பில் காய்ச்சக் கூடாது. வெந்நீர்க் கிண்ணத்துக்குள் பாத்திரத்தை வைத்து வெதுவெதுப்பாக்கினால் போதும். குழந்தை குடித்து மீந்ததை மறுபடி வைக்காமல் ஊற்றிவிட வேண்டும். இதைச் சொல்லும்போது வீட்டுப் பெரியவர்களுக்கு மனம் வராது, அதனால் ஒரு வேளைக்கு 60 மி.லி. என்று சிறு சிறு பாத்திரங்களில் பிரித்து வைத்துவிட்டுப் போங்கள்.

வேலைக்குப் போன முதல் வாரத்தில் மார்பில் பால் கட்டிக்கொண்டு வலிக்கும். மூன்று மணி நேரத்துக்கு ஒருமுறை எடுத்தே ஆக வேண்டும். கட்டி சிவந்து, காய்ச்சலும் வந்தால் அன்றே மருத்துவரிடம் போய்விடுங்கள். எனக்கு முதல் குழந்தையின்போது அலுவலகத்தில் இடமே இல்லாமல், கழிப்பறையில் நின்றுகொண்டு எடுத்து, அந்தப் பாலை அப்படியே கீழே ஊற்றினேன். என் குழந்தையின் உணவைக் கழிப்பறையில் கொட்டிய அந்த நாட்களை இன்றும் என்னால் மறக்க முடியவில்லை. இரண்டாவது முறை, பணிக்குத் திரும்பும் முன்பே மேலாளரிடம் போய், உள்ளே தாழிடக்கூடிய ஓர் அறை, ஒரு நாற்காலி, ஒரு மின்இணைப்பு, இவ்வளவுதான் வேண்டும் என்று கேட்டேன், கொடுத்தார்கள். 2015லிருந்து நம் மாநிலத்தில் பேருந்து நிலையங்களில்கூடத் தாய்மார்கள் பாலூட்டும் அறை இருக்கிறது. எண்பது பேர் வேலை செய்யும் இடத்தில் ஓர் அறை கேட்பது அதிகம் இல்லை.

இன்னொன்று, பகலில் நீங்கள் இல்லாததை அவள் இரவில் ஈடுகட்டுவாள். அடிக்கடி விழித்துக் குடிப்பாள். உங்களுக்குக் களைப்பாக இருக்கும். ஆனால் பால் வற்றாமல் காப்பதும் அந்த இரவுப் பால்தான். மாலையில் வீட்டுக்கு வந்ததும் கைகால் கழுவிவிட்டு முதல் வேலையாகக் குழந்தையை எடுத்துக்கொள்ளுங்கள். சமையலை வேறு யாராவது பார்க்கட்டும். ஆறு மாதம் நிறைந்ததும் கேழ்வரகுக் கூழ், குழைத்த பருப்புச் சோறு என்று தொடங்கும்போது பகல் நேரச் சுமை தானாகக் குறையும். அதுவரை, பசிக்கிறதே என்று யாரும் பசும்பால் கொடுத்துவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள். எடுத்துவைத்த பால் போதவில்லை என்றால் குழந்தை மருத்துவரைக் கேட்டு முடிவு செய்யுங்கள். அப்படிக் கேட்பதில் தோல்வி எதுவும் இல்லை.


மறுமொழி: திருப்பூர், பின்னலாடைத் தொழிலாளி

வணக்கம். நான் பனியன் கம்பெனி ஒன்றில் செக்கிங் பிரிவில் பன்னிரண்டு ஆண்டுகளாக இருக்கிறேன். இங்கே எழுதியிருப்பவர்களைப் போல எனக்குச் சம்பளம் இல்லை. இருந்தாலும் இதைப் படிக்கும் என்னைப் போன்றவர்களுக்குப் பயன்படட்டும் என்று எழுதுகிறேன்.

மாதச் சம்பளம் 21,000 ரூபாய்க்குள் இருப்பவர்களுக்கு, இ.எஸ்.ஐ. பிடித்தம் செய்யப்பட்டிருந்தால், பேறுகாலச் சம்பளத்தைக் கம்பெனி தருவதில்லை; இ.எஸ்.ஐ. நிறுவனமே 26 வாரத்துக்கும் சராசரி நாள் ஊதியத்தை முழுமையாக வங்கிக் கணக்கில் செலுத்துகிறது. அதற்கு முந்தைய இரண்டு பங்களிப்புக் காலங்களில், அதாவது ஏறத்தாழ ஓர் ஆண்டில், 70 நாட்களுக்குப் பங்களிப்பு கட்டப்பட்டிருக்க வேண்டும். என் சூப்பர்வைசருக்கு இது தெரியாது. “விடுப்பு எல்லாம் ஆபீசில் இருப்பவர்களுக்கு” என்றார். இ.எஸ்.ஐ. கிளை அலுவலகத்துக்கு நானே நேரில் போய்க் கேட்டபிறகுதான் எனக்குப் பணம் கிடைத்தது. என்னோடு அதே மாதம் குழந்தை பெற்ற இன்னொரு பெண் பீஸ் ரேட்டில் ஒப்பந்தக்காரரிடம் வேலை செய்தாள். அவளுடைய பெயர் எந்தப் பதிவேட்டிலும் இல்லை. பெயரே இல்லாதவளுக்கு எந்தச் சட்டத்தைக் காட்டுவது? டாக்டர் முத்துலெட்சுமி ரெட்டி மகப்பேறு உதவித் திட்டத்தில், ஊட்டச்சத்துப் பெட்டகத்தையும் சேர்த்து 18,000 ரூபாய் மதிப்புள்ள உதவி அவளுக்குக் கிடைத்தது. அது பெரிய துணைதான். ஆனால் அது போன வருமானத்தை ஈடுகட்டாது. ஐம்பதாவது நாளில் அவள் மெஷினுக்குத் திரும்பிவிட்டாள்.

எனக்கு விடுப்பு முழுவதும் கிடைத்தது. ஆனால் காப்பகம் என்று பலகை தொங்கிய அறையில் அட்டைப்பெட்டிகள்தான் இருந்தன. ஒன்றரை ஷிப்ட் வேலை. மாலை முடிந்து வீட்டுக்கு வர எட்டரை ஆகும். ஆறு மாதக் குழந்தையைத் திண்டுக்கல் பக்கத்தில் உள்ள அம்மாவிடம் விட்டுவிட்டு வந்தேன். மாதம் ஒருமுறைதான் பார்க்க முடிந்தது. அவன் பேசத் தொடங்கியபோது என் அம்மாவைத்தான் அம்மா என்று அழைத்தான். அவனுக்கு இப்போது ஏழு வயது, என்னோடுதான் இருக்கிறான், நன்றாகப் படிக்கிறான். ஆனாலும் கோவையில் இருக்கும் அக்காவுக்கு நான் சொல்ல விரும்புவது, காப்பகத்தைக் கேளுங்கள், விடாமல் கேளுங்கள். எழுதத் தெரிந்தவர்கள், மாதச் சம்பளக்காரர்கள், ஏழு வருடம் ஒரே இடத்தில் இருந்தவர்கள் கேட்டால்தான் அந்த அறையிலிருந்து அட்டைப்பெட்டிகள் வெளியே போகும். அது திறந்தால் தொழிற்கூடத்தில் கூட்டிப்பெருக்கும் பெண்ணின் குழந்தைக்கும் அங்கே ஓர் இடம் கிடைக்கும்.


மறுமொழி: சேலம்

நான் வேலையை விட்டவள். 2016இல், மகனுக்கு ஐந்து மாதம் இருக்கும்போது, ஒரு தனியார் கல்லூரியின் அலுவலக வேலையை விட்டேன். அந்த ஆண்டுகளில் மகனோடு இருந்ததற்காக நான் ஒரு நாளும் வருந்தியதில்லை. விட முடிந்தவர்கள், விட விரும்புகிறவர்கள் விடுவதில் குறை எதுவும் இல்லை. ஆனால் “ஓரிரு ஆண்டுகள் கழித்துப் பார்த்துக்கொள்ளலாம்” என்று சொல்கிறார்களே, அது என் விஷயத்தில் நடக்கவில்லை. இரண்டு ஆண்டு ஐந்து ஆண்டானது. 2021இல் மீண்டும் வேலை தேடியபோது, இடைப்பட்ட காலத்தில் என்ன செய்தீர்கள் என்ற கேள்விக்கே ஒவ்வொரு நேர்காணலிலும் பாதி நேரம் போயிற்று. கிடைத்த வேலையில் விட்ட வேலையைவிடச் சம்பளம் குறைவு. நீங்கள் விட நினைத்தால் விடுங்கள்; மேலாளரின் அழைப்புக்காக மட்டும் விடாதீர்கள். முதலில் திரும்பிப் போய், மூன்று மாதம் பார்த்துவிட்டு, அதன் பிறகும் முடியவில்லை என்றால் அப்போது நீங்களாக முடிவெடுங்கள். ஏழு ஆண்டு முடித்திருப்பதால் பணிக்கொடை உங்களுக்கு எப்படியும் உண்டு. 26 வார மகப்பேறு விடுப்பும் தொடர் பணிக்காலத்தில் சேரும்.


மறுமொழி: திருச்சி, ஒரு தந்தை

கணவரைப் பற்றி யாரும் எழுதவில்லை என்பதால் இதைச் சேர்க்கிறேன். மத்திய அரசு ஊழியரான தந்தைக்கு 15 நாள் விடுப்பு உண்டு; தனியார் துறையில் தந்தைக்கென்று சட்டப்படி எதுவும் இல்லை. எங்கள் குழந்தை பிறந்தபோது என் ஈட்டிய விடுப்பை நான் தொடவில்லை. மனைவி தாய்வீட்டில் இருந்தார். கவனித்துக்கொள்ள அங்கே நான்கு பேர் இருந்தார்கள். அவர் வேலைக்குத் திரும்பிய நாளிலிருந்து பதினைந்து நாட்கள் நான் விடுப்பு எடுத்துக்கொண்டேன். உண்மையான நெருக்கடி அந்தப் பதினைந்து நாட்களில்தான் இருந்தது. குழந்தை எப்போது தூங்குவாள், எந்த அழுகைக்குப் பசி, எந்த அழுகைக்கு வயிற்றுவலி என்பதெல்லாம் எனக்கு அப்போதுதான் தெரிந்தது. உங்கள் கணவர் ஷிப்டில் இருப்பதாகச் சொல்கிறீர்கள். முதல் இரண்டு மாதத்துக்கு இரவு ஷிப்டையோ மாலை ஷிப்டையோ கேட்டு வாங்க முடியுமா என்று பாருங்கள். பகலில் பாதி நேரம் அவர் வீட்டில் இருந்தால், உங்கள் மாமியார் குழந்தையைத் தூக்க வேண்டிய நேரம் பாதியாகிவிடும். அவர் தூங்கவும் வேண்டும் என்பதால் இதை நீண்ட காலத்துக்குச் செய்ய முடியாது; ஆறு மாதம்வரை தாண்டினால் போதும்.


கேள்வி கேட்டவர் மீண்டும் எழுதியது: கோவைத் தாய்

ஒவ்வொருவருக்கும் என் மனமார்ந்த நன்றி. மூன்று வாரம் கழித்து எழுதுகிறேன்.

நியமனக் கடிதத்தைத் தேடி எடுத்தேன். கிளைகளுக்கு மாற்றலாம் என்ற வரி அதில் இருக்கிறது. சென்னைச் சகோதரி சொன்ன வாசகங்களையே எழுதி மின்னஞ்சல் அனுப்பினேன். அனுப்பும் முன் இரண்டு நாள் கை வரவில்லை. இத்தனை ஆண்டுகள் வேலை பார்த்த இடத்தோடு சண்டை போடுவது போலிருந்தது. கணவர்தான் அருகில் உட்கார்ந்து, இது சண்டை இல்லை, தேதியைத் தெரிவிக்கிறாய், அவ்வளவுதான் என்றார். ஒன்பதாம் நாள் மனிதவளப் பிரிவிலிருந்து பதில் வந்தது. கணக்குப் பிரிவிலேயே, அதே சம்பளத்தில் பணியில் சேரலாம்; என் இடத்தில் வந்தவருக்குச் சரக்கு மற்றும் சேவை வரிக் கணக்குகளைப் பிரித்துக் கொடுத்திருக்கிறார்கள். தொலைபேசிப் பேச்சைப் பற்றி அதில் ஒரு வரியும் இல்லை. நானும் அதைக் கிளறவில்லை.

வீட்டிலிருந்து வேலை செய்யக் கேட்டதற்கு இப்போதைக்கு இயலாது என்று சொல்லிவிட்டார்கள். பாலூட்டும் இடைவேளை இரண்டையும் மதிய இடைவேளையின் இரு புறமும் சேர்த்துத் தரச் சம்மதித்திருக்கிறார்கள். வீடு இருசக்கர வண்டியில் பன்னிரண்டு நிமிடத் தொலைவு என்பதால் மதியம் ஒருமுறை வந்து நேராகவே பால் கொடுத்துவிட்டுப் போக முடியும். பழைய ஆவணங்கள் வைத்திருந்த சிறு அறையைக் காலி செய்து தாழ்ப்பாள் போட்டுத் தருவதாகச் சொன்னார்கள். காப்பகத்தைப் பற்றி “ஆலோசித்துத் தெரிவிக்கிறோம்” என்று மட்டும் பதில் வந்தது. திருப்பூர்த் தங்கை எழுதியதைப் படித்தபிறகு அதை அப்படியே விட எனக்கு மனம் வரவில்லை. எங்களோடு வேலை செய்யும் மற்ற பத்துப் பெண்களிடமும், சிறு குழந்தைகள் இருக்கும் ஆண்கள் ஆறு பேரிடமும் பேசியிருக்கிறேன். நான் பணியில் சேர்ந்த முதல் வாரத்தில் எல்லோரும் கையெழுத்திட்டு ஒரு கடிதம் கொடுக்கப்போகிறோம்.

பாலாடைப் பழக்கத்தைத் தொடங்கி பன்னிரண்டு நாட்கள் ஆகின்றன. முதல் வாரம் முழுவதும் துப்பினாள். மாமியாரின் புடவையெல்லாம் பால். நான் அடுத்த அறையில் இருந்தாலும் என் குரலைக் கேட்டுத் திரும்பிப் பார்த்து அழுதாள். நேற்று நான் தெருமுனையில் உள்ள மளிகைக் கடைவரை போய் அங்கேயே நின்றேன். இருபது நிமிடம் கழித்து மாமியார் தொலைபேசியில் அழைத்து, முழுவதும் குடித்துவிட்டாள், அறுபது மி.லி.யும், இப்போது என் மடியிலேயே தூங்குகிறாள், அவசரப்படாமல் வா என்றார்.